பேஸ்புக்ல வாற பழைய சிலோன் போட்டோவை வச்சு உருப்படியா ஒரு ஆய்வு செய்யிறது எப்பிடி

கம்பஸ்ல கடைசி வருஷ ஆய்வுக்கு 'காலனித்துவ மரபுரிமை, நினைவு, ஊடகம்' எண்டு தலைப்பு எடுத்திட்டு முழிசிக்கொண்டு இருக்கிற தம்பி தங்கச்சிமாருக்கும், வேலை வெட்டிக்கு நடுவில ஆசைக்குப் பழைய கொழும்பைத் தோண்டுற ஆக்களுக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுறன். முதல்ல அந்தத் தலைப்பைத் தூக்கி ஒரு பக்கம் வையுங்கோ. அவ்வளவு பெரிய தலைப்போட உட்கார்ந்தா கடைசியில 'போர்த்துக்கேயர் 1505ல வந்தினம், ஒல்லாந்தர் 1656ல கொழும்பைப் பிடிச்சினம், 1796ல இங்கிலிஷ்காரன் வந்தான்' எண்டு எட்டாம் வகுப்புப் புத்தகத்தைத் திருப்பி எழுதித்தான் முடியும். இல்லாட்டி வெள்ளைக்காரன் ரயில் போட்டான் றோட்டுப் போட்டான் எண்டு ஒரு கட்சி, கொள்ளையடிச்சான் எண்டு இன்னொரு கட்சி, கமென்ட்ல நடக்கிற அதே சண்டையை அடிக்குறிப்போட நடத்தினமாதிரி இருக்கும்.

ஒரே ஒரு சின்னப் பொருளை எடுங்கோ. ஒரு போஸ்ட்கார்ட், ஒரு கட்டடம், மியூசியத்தில ஒரு கண்ணாடிப் பெட்டி, ரேடியோ சிலோன் நிகழ்ச்சி ஒண்டு, எது எண்டாலும் பரவாயில்லை. நான் இஞ்ச போஸ்ட்கார்டைத்தான் உதாரணமா வச்சுக் கதைக்கப் போறன், ஏனெண்டா அதுதான் எல்லார்ர போனிலயும் ஏற்கனவே கிடக்குது.

தோட்டத்தில கொழுந்து பறிக்கிற பொம்பிளையின்ர படம் ஒண்டு வரும், பார்த்திருப்பீங்கள். முதுகில கூடை, கூடைக் கயிறு தலையைச் சுத்தி வருது, மூக்கிலயும் காதிலயும் நகை, கமராவை நேராப் பார்க்கிறா, சிரிக்கேல்ல. கீழ இங்கிலிஷில 'டமில் கூலி, சிலோன்' எண்டு அச்சடிச்சிருக்கும். பேர் இல்லை, தோட்டத்துப் பேரும் இல்லை. அதே கொம்பனி அடிச்ச இன்னொரு கார்டில ஹோட்டலுக்குப் பேர் இருக்கும், றோட்டுக்குப் பேர் இருக்கும், துறைமுகத்தில நிக்கிற கப்பலுக்குக்கூடப் பேர் இருக்கும். இப்ப நூறு வருஷத்துக்குப் பிறகு அதே படத்தை ஒராள் 'எங்கட அழகான சிலோன், அந்தக் காலம்' எண்டு இதயம் போட்டு ஷெயார் பண்ணுறார், இப்பவும் அவவுக்குப் பேர் இல்லை. உங்கட ஆய்வு இந்தக் கேப்ஷன்லதான் இருக்கு. முதல் கேப்ஷனை ஆர் எழுதினது, ஆருக்காக எழுதினது, அது எந்தெந்தக் கையால மாறி இப்ப இதயம் போட்ட கேப்ஷனா வந்து நிக்குது, இந்த நூலைப் பிடிச்சுக்கொண்டு போனாக் காணும்.

முதல் வேலை, கிடைச்சதை ஒழுங்காச் சேமிக்கிறது. ஸ்கிரீன்ஷாட் மட்டும் காணாது. போஸ்ட் போட்ட திகதி, எந்த மாதிரிக் குரூப், லிங்க், கீழ இருக்கிற கமென்டுகள், எல்லாத்தையும் எடுங்கோ, நாளைக்கு அழிச்சுப்போடுவினம். கமென்ட்டைக் குப்பை எண்டு விடாதேங்கோ. 'என்ர பாட்டியும் இப்பிடித்தான் கூடை சுமந்தவ' எண்டு ஒருத்தி எழுதியிருப்பா, அதுக்குக் கீழயே 'அப்ப நாடு எவ்வளவு சுத்தமா இருந்தது' எண்டு இன்னொராள். நினைவு ஆய்வு எண்டு பெரிசாச் சொல்லுற விஷயம் அந்த ரெண்டு வரிக்கும் இடையிலதான் நடக்குது. ஆனா உங்கட கட்டுரையில அந்த ஆக்கள்ர பேரைப் போடாதேங்கோ, அவை உங்களுக்குப் பேட்டி தரேல்ல. பிறகு படத்தை ரிவர்ஸ் இமேஜ் சேர்ச்ல (சொல்லுக்குப் பதிலாப் படத்தையே குடுத்துத் தேடுறது) போடுங்கோ, பெரும்பாலும் வெட்டாத முழுப் பிரதி ஒண்டு எங்கயாவது ஏல விற்பனைப் பக்கத்திலயோ வெளிநாட்டு நூலகத்திலயோ கிடைக்கும். ஓரத்தில வெட்டுப்பட்டுப் போன கொம்பனிப் பேரும் நெகட்டிவ் நம்பரும் அதிலதான் இருக்கும்.

இனிக் காலம் கண்டுபிடிக்கிறது. இதில கொஞ்சம் பொறுமையா இருங்கோ, முழு ஆய்வும் இதிலதான் நிக்கும். முதல்ல பின்பக்கத்தைப் பாருங்கோ. நடுவில கோடு போட்டு ஒரு பக்கம் விலாசம், மற்றப் பக்கம் செய்தி எண்டு பிரிச்சிருக்கா? பிரித்தானியாவில அப்பிடிப் பிரிச்ச கார்டை அனுமதிச்சதே 1902ல, மற்ற நாடுகள் அடுத்த சில வருஷத்தில வந்தது. அதுக்கு முதல் பின்பக்கம் முழுக்க விலாசம் மட்டும்தான், செய்தியைப் படத்துக்கு மேலயும் ஓரத்திலயும் நெருக்கி எழுதுவினம். முத்திரை இருந்தா இன்னும் லேசு. விக்டோரியா தலை எண்டா 1901க்கு முன்னால வந்த முத்திரை, ஏழாம் எட்வேர்ட் 1901 தொடக்கம் 1910, ஐந்தாம் ஜோர்ஜ் 1936 வரை, ஆறாம் ஜோர்ஜ் 1952 வரை. தபால் முத்திரைக் குத்தில திகதி தெரிஞ்சா அதுதான் தங்கம்.

ஆனா கவனம், இது எல்லாம் கார்ட் போஸ்ட் பண்ணின காலம், படம் எடுத்த காலம் இல்லை. ஸ்டூடியோக்காரர் ஒரு நல்ல நெகட்டிவ்வை வச்சுப் பத்து இருபது வருஷம் ஓட்டுவினம், ஒரு ஸ்டூடியோவின்ர நெகட்டிவ்வை இன்னொராள் வாங்கித் தன்ர பேரில அடிக்கிறதும் நடந்தது. அதோட அந்தக் காலத்துக் கலர் கார்ட் எல்லாம் கறுப்பு வெள்ளைப் படத்துக்குப் பிறகு சாயம் போட்டது, கனக்க ஜெர்மனியில அச்சடிச்சது. அதனால சேலை சிவப்பா இருக்கு எண்டு அதில இருந்து ஒரு முடிவும் எடுக்காதேங்கோ, சாயம் போட்டவன் அந்தச் சேலையைக் கண்ணாலயே கண்டிருக்க மாட்டான்.

கொழும்பு வீதிப் படம் எண்டா கட்டடங்களே காலம் சொல்லும். ட்ராம் தண்டவாளம் தெரியுதா, அப்ப 1899, 1900க்குப் பிறகு, ட்ராம் நிண்டது 1960ல. யோர்க் வீதியில கார்கில்ஸின்ர சிவப்புக் கட்டடம் முழுசா நிக்குதா, 1906க்குப் பிறகு. புறக்கோட்டைச் சிவப்புப் பள்ளிவாசல்ர கோபுரங்கள் கூரைகளுக்கு மேல தெரியுதா, 1909க்குப் பிறகு. கோட்டை ரயில் ஸ்டேஷன் 1917, வெள்ளை டவுன் ஹோல் 1928, காலிமுகத்தில பழைய பாராளுமன்றம் 1930. ரெண்டு அடையாளத்தை வச்சு 'இதுக்குப் பிறகு, இதுக்கு முன்னால' எண்டு எல்லை போட்டாக் காணும், சரியான வருஷம் தெரிஞ்சாத்தான் எழுதுவன் எண்டு குந்தியிருக்காதேங்கோ.

அடுத்தது, படம் ஆருக்காக. சுயஸ் கால்வாய் 1869ல திறந்தது, 1875ல கொழும்புத் துறைமுகத்தில அலைதடுப்பு அணைக்குக் கல் வச்சது, அதோட கப்பல் எல்லாம் காலித் துறைமுகத்தை விட்டிட்டு இஞ்ச வரத் தொடங்கிச்சுது. ஒரு நாள் அரை நாள் இறங்கிச் சுத்திப்பார்க்கிற வெள்ளைக்காரப் பயணிக்கு விக்கத்தான் ஸ்கீன், ஸ்கோவன், 1890ல தொடங்கின பிளாட்டே எண்டு ஸ்டூடியோக்கள் கடை போட்டது. வாங்குறவனுக்கு அந்தப் பொம்பிளையின்ர பேர் தேவையில்லை, 'இந்த வகை ஆக்கள் இஞ்ச இருக்கினம்' எண்டு காட்டினாக் காணும். அதனாலதான் கேப்ஷன் எல்லாம் வகைப்பேராவே இருக்கும். தேயிலைக்காரருக்கும் இது விளம்பரம். 1930களில தேயிலைப் பிரசாரத்துக்கு எண்டே காசு குடுத்து டாக்குமென்டரிப் படம் எடுத்திருக்கினம், அதுக்குப் பின்னணிக் குரல் குடுத்தது எங்கட கொழும்புப் போட்டோக் கலைஞர் லயனல் வென்ட்.

வகைப்பேர் போஸ்ட்கார்டில மட்டும் இருந்த சாமான் இல்லை. அதை அரசாங்கத்தின்ர தாளோட பக்கத்தில வச்சுப் பாருங்கோ. இலங்கையில முறையான குடிசனமதிப்பு 1871ல தொடங்குது, 1911 கணக்கெடுப்பிலதான் இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் எண்டு ரெண்டாப் பிரிச்சு எண்ணுறாங்கள். 1948ல மலையகத் தமிழர்ர குடியுரிமையைப் பறிச்ச சட்டம் வரேக்க அந்தப் பிரிப்பு எவ்வளவு பேரின்ர வாழ்க்கையில போய் விழுந்தது எண்டு உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. போஸ்ட்கார்ட் கேப்ஷனும் கணக்கெடுப்புப் பட்டியலும் ஒண்டையொண்டு பார்த்து எழுதினது எண்டு நான் சொல்லேல்ல, அப்பிடிச் சொல்ல ஆதாரம் வேணும். ஆனா ரெண்டையும் ஒரே மேசையில விரிச்சு வச்சு, ரெண்டிலயும் என்ன தெரியுது என்ன தெரியேல்ல எண்டு எழுதினா அதுவே ஒரு நல்ல அத்தியாயம்.

இதுக்குத்தான் தேசிய சுவடிகள் திணைக்களத்துக்குப் போகவேணும், கொழும்பு 7ல, பழைய ரீட் அவெனியூ. போக முதல் ஒருக்காப் போன் அடிச்சு வாசகர் அனுமதிக்கு என்ன கடிதம், என்ன கட்டணம், போனால படம் எடுக்க விடுவினமா எண்டு கேளுங்கோ, சுப்பவைசரிட்ட ஒரு கடிதமும் வாங்கி வையுங்கோ. பென்சில் கொண்டுபோங்கோ, ஒரு சால்வையும், ஏஸி விசர்க் குளிர். அங்க முதல்ல கேக்கவேண்டியது பெரிய பெரிய ஆவணம் இல்லை. வருஷாவருஷம் வந்த நிர்வாக அறிக்கைகள், 1802ல இருந்து வாற அரசாங்க வர்த்தமானி, பெர்குசன் டைரக்டரி. அந்த டைரக்டரியில எந்தத் தோட்டம் எந்தக் கொம்பனிக்குச் சொந்தம், துரை ஆர், கொழும்பில எந்தத் தெருவில எந்தக் கடை எண்டு எல்லாம் வரிசையாக் கிடக்கும், ஸ்டூடியோக்களையும் அதிலயே தேடலாம். தெருப்பேரைப் பழைய பேரில தேடுங்கோ, ஆனந்த குமாரசுவாமி மாவத்தை எண்டு தேடினா ஒண்டும் வராது, கிறீன் பாத் எண்டு தேடவேணும், டரட் றோட், குயின் ஸ்ட்ரீட் எல்லாம் அதேமாதிரிப் பழைய பேர்தான். துரைமார் எல்லாருக்கும் பேர், விலாசம், எத்தனை ஏக்கர் எண்டு இருக்கும், கூலியாள் எண்டு வந்தா உடன தொகை மட்டும்தான். அதையும் ஒரு தகவலா எழுதி வையுங்கோ.

இந்த இடத்திலதான் கோட்பாடு கொஞ்சம் உதவும். மிஷேல் ரோல்ஃப் ட்ரூய்லோ எண்ட ஹெய்ட்டிக்கார ஆய்வாளர் வரலாறு எழுதுறதைப் பற்றிச் சொன்னது எனக்கு எப்பவும் கைகொடுக்கும். மௌனம் நாலு இடத்தில உண்டாகுது: எழுதி வைக்கேக்க, எழுதினதைச் சேர்த்து வைக்கேக்க, சேர்த்ததில இருந்து எடுத்துக் கதையாச் சொல்லேக்க, கடைசியா எது முக்கியம் எண்டு பிறகு வாறவை தீர்மானிக்கேக்க. உங்கட போஸ்ட்கார்ட் பொம்பிளைக்குப் பேர் எந்த இடத்தில போனது எண்டு இந்த நாலையும் வச்சுக் கேட்டுப் பாருங்கோ. நினைவு ஆய்வில பெரிய பேரான ஹல்ப்வாக்ஸ், பியர் நோரா எல்லாம் சுப்பவைசர் கேப்பார்தான், வாசியுங்கோ, ஆனா முதல் அத்தியாயத்தை அவங்களாலயே நிரப்பிப்போட்டு மூண்டாம் அத்தியாயத்தில ஒரு போஸ்ட்கார்டை மட்டும் காட்டினா அது ஆய்வு இல்லை, அலங்காரம்.

ஒல்லாந்தர் காலம் எண்டா உங்களுக்கு அதிர்ஷ்டம். அவங்கட கிழக்கிந்தியக் கொம்பனியின்ர ஆவணங்கள் 2003ல யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில ஏறினது, கொழும்பில இருக்கிறதும் அதில அடக்கம். நெதர்லாந்தில ஹேக் நகரத்தில இருக்கிற பகுதியில ஏறத்தாழ 50 லட்சம் பக்கத்தை குளோபலைஸ் எண்ட திட்டத்தில கம்ப்யூட்டரே கையெழுத்தை வாசிச்சுத் தேடக்கூடியமாதிரி ஓன்லைன்ல போட்டிருக்கினம். டச்சு தெரியாட்டியும் ஊர்ப்பேரை வச்சுத் தேடலாம், எழுத்துக்கூட்டல் நாலஞ்சு விதமா மாத்திப் பார்க்கவேணும்.

இப்ப நான் சண்டை பிடிக்கிற இடம். கொழும்பில இருந்து தமிழ்ல படிக்கிற ஆக்களே இங்கிலிஷ் ஆவணத்தை மட்டும் வச்சுக் கட்டுரை எழுதிறது எனக்கு விளங்குறதே இல்லை. துரை எழுதினதை வச்சுத் துரையைத் திட்டுறதுக்கு ஏன் இவ்வளவு கஷ்டம்? 1841ல யாழ்ப்பாணத்தில உதயதாரகை வந்திட்டுது, 1882ல சித்திலெவ்வையின்ர முஸ்லிம் நேசன், 1930ல கொழும்பில வீரகேசரி, 1932ல தினகரன். தோட்டத்து ஆக்களுக்காக எண்டே 1920களில கோ. நடேசய்யர் தேசபக்தன் பத்திரிகை நடத்தினவர், அவரும் மனைவி மீனாட்சி அம்மாளும் தொழிலாளர் பாட்டுகளைச் சின்னப் பிரசுரமா அடிச்சு, அந்தம்மா கூட்டங்களில நிண்டு பாடியிருக்கிறா. போஸ்ட்கார்ட் காட்டுற அதே ஆக்களைப் பற்றி, அந்த ஆக்களுக்கே வாசிச்சுக் காட்டுறதுக்கு எழுதினது இது. ரெண்டையும் பக்கத்தில வச்சாத்தான் உங்கட கட்டுரைக்கு உயிர் வரும்.

இதில கனக்க விஷயத்துக்கு வீட்டை விட்டு வெளிக்கிடவே தேவையில்லை, 'நூலகம்' எண்ட ஓன்லைன் தளத்தில 2005ல இருந்து சேர்த்து வச்சிருக்கினம், பத்திரிகை, மலர், நோட்டீஸ், நினைவுமலர் எண்டு. சேர்ச் பெட்டியை மட்டும் நம்பாதேங்கோ, உள்ளுக்க இருக்கிற எழுத்து எல்லாம் தேடலுக்கு மாட்டாது. வருஷத்தைப் பிடிச்சு இதழ் இதழாத் தட்டிக்கொண்டு போங்கோ, விளம்பரத்தையும் ஆசிரியருக்குக் கடிதத்தையும் விடாதேங்கோ. கல்வெட்டு எண்டு நாங்கள் செத்தவீட்டுக்கு அடிக்கிற நினைவுமலர் இருக்கே, ஆர் எந்தத் தோட்டத்தில கிளார்க்கா இருந்தவர், எந்த வருஷம் கொழும்புக்கு வந்தவர் எண்டு அதில உள்ளதுமாதிரி ஒரு திணைக்களத்திலயும் கிடையாது.

அடுத்தது ஆக்களோட கதைக்கிறது. கொட்டாஞ்சேனை, ஜிந்துப்பிட்டி, செட்டியார் தெரு, வெள்ளவத்தை எண்டு உங்களைச் சுத்தியே ஆக்கள் இருக்கினம். 'காலனித்துவம் பற்றி உங்கட நினைவு என்ன' எண்டு கேட்டா ஒருத்தரும் வாய் திறக்க மாட்டினம். படத்தைப் பெரிசாப் பிரின்ட் எடுத்துக் கொண்டுபோய்க் கையில குடுங்கோ, போன் ஸ்கிரீன்ல காட்டாதேங்கோ, வயசான ஆக்களுக்குத் தெரியாது, பிடிச்சுக்கொண்டு இருக்கவும் வசதியில்லை. குடுத்திட்டுப் பேசாம இருங்கோ. 'இந்தக் கூடை சின்னன், இது படத்துக்குக் குடுத்த கூடை, கொழுந்து பறிக்கிற கூடை இப்பிடி இருக்காது' எண்டு ஒரு ஆச்சி சொன்னா அதைவிட உங்களுக்கு என்ன வேணும்? அல்லது நகையைப் பார்த்திட்டு 'வேலைக்கு இதெல்லாம் போட்டுக்கொண்டு ஆர் போறது' எண்டு கேப்பா. ரெக்கோர்ட் பண்ண முதல் அனுமதி கேளுங்கோ, எங்க போடப்போறீங்கள் எண்டு சொல்லுங்கோ, பேர் போடலாமா எண்டு தனியாக் கேளுங்கோ.

இன்னொரு விஷயம், கொழும்பில கிணறு வெட்டப் பூதம் கிளம்பும். பழைய வீடு, பழைய கடை, பழைய படம் எண்டு கேக்கத் தொடங்கினா கொஞ்ச நேரத்தில 83 ஜூலைக் கலவரத்துக்குப் போயிடுவினம், ஏனெண்டா அந்தப் பழைய அல்பம் எரிஞ்சது அப்பதான். 'அது என்ர தலைப்பு இல்லையே' எண்டு திருப்பாதேங்கோ. வெள்ளைக்காரன் எடுத்த படம் லண்டன்ல பத்திரமா இருக்கு, அவை தாங்களே எடுத்த குடும்பப் படம் இல்லை, இதைவிட உங்கட தலைப்புக்குக் கிட்ட வேற என்ன வரும். ஆனா அவை அழத் தொடங்கினா ரெக்கோர்டரை நிப்பாட்டுங்கோ, பிறகு தொடரலாமா எண்டு கேட்டிட்டுத்தான் போடவேணும்.

கட்டடம் எடுத்த ஆக்களுக்கு ஒரு பந்தி. கோட்டையில டச்சு ஹொஸ்பிட்டலுக்குப் போய் நண்டுக்கறிக்கு ஓடர் குடுக்க முதல் சுத்தி இருக்கிற பலகை எல்லாத்தையும் போட்டோ எடுங்கோ. ஒல்லாந்தர் கொம்பனியின்ர ஆஸ்பத்திரி, பிறகு பொலிஸ் ஸ்டேஷன், 1996 மத்திய வங்கிக் குண்டில அடிபட்டது, 2011ல சாப்பாட்டுக்கடைத் தொகுதி. இதில எத்தனை பலகையில இருக்கு, எது மெனுவில இருக்கு, எது எங்கயுமே இல்லை எண்டு எழுதுங்கோ. சுதந்திர சதுக்கத்துப் பக்கம் இருக்கிற ஆர்கேட் எண்ட கடைத்தொகுதியும் அப்பிடித்தான், ஒரு காலத்தில மனநோயாளரை அடைச்சு வச்ச இடம், இப்ப செல்பிக்குப் பேர்போன இடம். சட்டத்தையும் பாருங்கோ, 1940 தொல்பொருள் கட்டளைச் சட்டம் பழமைக்கு எல்லைக்கோடா 1815 மார்ச் 2ஐத்தான் வச்சது, கண்டி ஒப்பந்த நாள். அதுக்குப் பிறகு இங்கிலிஷ்காரன் கட்டினது தன்பாட்டில அதுக்குள்ள வராது.

மியூசியம் எண்டா இப்ப எல்லாரும் பீரங்கிக்குத்தான் ஓடுகினம். 1765ல ஒல்லாந்தப் படை கண்டி அரண்மனையில கொள்ளையடிச்ச லெவ்கே பீரங்கியும் வேற ஐஞ்சு சாமானும் 2023 டிசம்பர்ல ஆம்ஸ்டர்டாம் ரைக்ஸ் மியூசியத்தில இருந்து கொழும்புக்கு வந்தது. நல்ல தலைப்புத்தான், ஆனா பீரங்கியைவிட அது வந்த நேரம் சிங்கள, தமிழ், இங்கிலிஷ் பேப்பர் மூண்டும் எந்தப் படம் போட்டது, ஆரின்ர பேச்சை மேல போட்டது, கண்டி ராசா தென்னிந்திய நாயக்கர் வம்சம் எண்டதை எது சொன்னது எது விட்டது எண்டு பாருங்கோ. அதை இன்னும் ஒருத்தரும் சரியாச் செய்யேல்ல எண்டுதான் நினைக்கிறன், எடுக்கிற ஆள் எடுங்கோ.

கடைசியா எழுதுறதும் படம் போடுறதும். எங்கட 2003 புலமைச் சொத்துச் சட்டப்படி பதிப்புரிமை எடுத்தவர் செத்து 70 வருஷம் வரை, அதனால நூறு வருஷத்துக்கு முந்தின கார்ட் பெரும்பாலும் பிரச்சினை இல்லை, ஆனா ஸ்கான் எடுத்து வச்சிருக்கிற நூலகத்துக்குத் தனி நிபந்தனை இருக்கும், வாசிச்சிட்டு எடுங்கோ. படத்துக்குக் கீழ பழைய கேப்ஷனை அழிக்காதேங்கோ, அது உங்கட ஆதாரம். அதை மேற்கோள்குறிக்குள்ள 'அச்சில உள்ளபடி' எண்டு போட்டு, உங்கட கேப்ஷனைத் தனி வரியில எழுதுங்கோ, இப்பிடி:

பேர் பதியப்படாத தோட்டத் தொழிலாளப் பெண், படத்துக்காகக் குடுக்கப்பட்ட கூடையோட, கமராவுக்காக நிக்கிறா. கொழும்பு ஸ்டூடியோ ஒண்டு பயணிகளுக்கு விக்க அச்சடிச்சது. முத்திரையில ஏழாம் எட்வேர்ட், படம் அதுக்கு முன்னாலயும் எடுத்திருக்கலாம்.

கூடையைப் பற்றின சொல்லு ஆச்சி சொன்னதால வந்தது எண்டா அவவையும் அடிக்குறிப்பில போடுங்கோ, பேர் போட விருப்பம் எண்டு சொல்லியிருந்தாப் பேரோட. எல்லாம் முடிஞ்சு பைண்ட் பண்ணினாப் பிறகு ஒரு பிரதியை 'நூலகம்' தளத்துக்கு அனுப்பிவிடுங்கோ, ஆச்சிக்கு அந்தப் பெரிய பிரின்ட்டையே குடுத்திட்டு வாங்கோ, கட்டுரையை அவ வாசிக்கப் போறதில்லை.